இரண்டாவது ஆடு

பிரிஸ்கில்லாவிடம் ஒரு கேள்வி கேட்டால் வாயால் பதில் வருவது அபூர்வம். கேட்டவர் கையிலிருக்கும் கன்ட்ரோலரை வாங்குவாள், எதையோ செய்வாள், திருப்பிக் கொடுத்துவிடுவாள். புரிந்தவன் பிழைத்துக்கொள்வான். புரியாதவன் மறுநாளும் வருவான்.

தூத்துக்குடி மூன்றாம் மைலில், ஒரு பெயின்ட் கடையின் மாடியில் ஆறு டிவி வைத்து வீடியோ கேம் கூடம் நடத்தினாள். வயது இருபத்தொன்பது. விளையாட வருகிறவர்களுக்கு அவள் மாஸ்டர். ஒரு விளையாட்டைக் கடைசிவரை முடித்தவன், தான் விளையாடிய டிவியின் முதுகில் மார்க்கரால் பெயரும் தேதியும் எழுதிக்கொள்ளலாம் என்பது அந்தக் கூடத்தின் வழக்கம். முன்பக்கச் சுவரில் எழுத அவள் விடமாட்டாள். பெருமை பேசுகிறவன் பின்னால் போய்ப் பேசட்டும் என்பாள்.

அவளுடைய சீடர்களில் மூத்தவர் பால்துரை. ஐம்பத்துநாலு வயது. முப்பது வருஷம் உப்பு லாரி ஓட்டியவர். மாதத்தில் இருபது நாள் வடக்கே ஏதாவது ஒரு ரோட்டில் இருப்பார்.

அவருடைய மகன் ஆன்றோவுக்குப் பத்தொன்பது வயது. தசைகள் ஒவ்வொன்றாகப் பலம் இழக்கும் நோய் அவனுக்கு. கால்கள் முதலில் போயின. அதன் பிறகும் நண்பர்கள் சக்கர நாற்காலியோடு தூக்கிக்கொண்டு அவனை இந்த மாடிக்குக் கொண்டுவருவார்கள். பிறகு விரல்களும் போயின. வருவது நின்றது. மழைக்காலம் தாண்டுவது கஷ்டம் என்று டாக்டர் சொன்ன அன்றைக்குப் பால்துரை லாரிச் சாவியை முதலாளியிடம் கொடுத்துவிட்டு வீட்டுக்கு வந்தார்.

வந்தவரிடம் மகன் ஒன்றே ஒன்றுதான் கேட்டான். 'கருங்கதவு' என்கிற விளையாட்டை அப்பா விளையாட வேண்டும், அவன் பக்கத்தில் படுத்துப் பார்க்க வேண்டும்.

இப்படித்தான் அவர் சீடரானார். டிவியில் மாட்டி விளையாடும் ஆன்றோவின் பெட்டியை வயர்கூடையில் வைத்து, துண்டால் மூடி, ஏதோ பலகாரம் கொண்டுவருகிறவர் போல மாடி ஏறி வந்தார். கருங்கதவின் வீரனை நேராக நடக்கவைக்கக்கூட அவருக்குத் தெரியவில்லை. வாளை உருவு என்றால் குதித்தான், குதி என்றால் ஆற்றில் விழுந்தான். மாஸ்டர் முதல் வாரம் முழுக்க ஒரே வேலைதான் கொடுத்தாள். ஊர்க் கிணற்றைச் சுற்றிவர வேண்டும், கைப்பிடிச் சுவரில் இடிக்கக் கூடாது. பதினாலு சக்கர லாரியைச் சந்துக்குள் பின்னால் எடுத்த மனுஷன் அந்தக் கிணற்றை நானூறு தடவை சுற்றினார்.

மூன்று மாதத்தில் தேறிவிட்டார். பிள்ளைக்காகக் கற்றுக்கொள்கிறவனுக்கு விரல் தானாக வளையும் போலிருக்கிறது.

ஒருநாள் காலை, கூடம் திறந்ததுமே அவர் கூடையோடு வந்து நின்றார்.

"மாஸ்டர், அந்தக் கடைசிக் கதவைத் திறக்க என்னென்ன வேணும்? ஒண்ணு விடாம சொல்லிரும்மா."

அவர் அவசரம் அவளுக்குத் தெரியும். கருங்கதவின் எல்லையில் ஒரு காவல்காரக் கிழவன் நிற்பான். உள்ளே போனால் திரும்பி வர முடியாது, ஊரும் காடும் எல்லாம் அத்தோடு மூடிவிடும், தயாரா என்று கேட்பான். 'தயார்', 'இன்னும் இல்லை' என்று இரண்டு பதில் திரையில் வரும். உள்ளே சாம்பல் ராஜாவோடு கடைசிச் சண்டை. அதற்குப் பிறகு முடிவு. அந்த முடிவை மகன் கண்ணில் காட்டிவிட வேண்டும் என்பதுதான் பால்துரையின் ஒரே கவலை. மழை தொடங்க இன்னும் ஐந்தாறு வாரம்தான் இருந்தது.

கதவு வரைக்கும் இரண்டு தடவை போய்விட்டாராம். இரண்டு தடவையும் ஆன்றோ தலையை லேசாக அசைத்து, இன்னும் இல்லை என்றே அமுக்கச் சொல்லிவிட்டானாம். நாம் இன்னும் தயாராகவில்லை அப்பா என்றானாம்.

"என்ன குறையுதுன்னு கேட்டேன். ஒரு லிஸ்ட் சொன்னான்."

சட்டைப் பையிலிருந்து கோடு போட்ட தாள் ஒன்றை எடுத்துக் கொடுத்தார். மகன் சொல்லச் சொல்ல அவரே எழுதியது.

மாஸ்டர் வாசித்தாள். உயிர் ஏற்றும் சிவப்பு மருந்து, தொண்ணூற்றொன்பது பாட்டில். அது சரி, அதற்கு மேல் பையில் இடம் கிடையாது. வாளுக்குச் சாணை. சரி. அதற்குக் கீழே, வடக்குச் சதுப்பில் வெள்ளைத் தாமரை பறிக்கணும் என்று இருந்தது. கலங்கரை விளக்கத்தடியில் போய் உட்கார்ந்து பொழுது சாய்வதைப் பார்க்கணும். மலையில் தொலைந்துபோன ஆட்டைத் தேடிப் பிடித்து இடையனிடம் சேர்க்கணும்.

"இதையெல்லாம் ஆன்றோவா சொன்னான்?"

"அவன்தான். இதெல்லாம் செய்யாட்டா சாம்பல் ராஜா நம்மள ஊதித் தள்ளிருவானாம்."

அவள் மூலையிலிருந்த நாலாம் டிவியை ஒரு தடவை பார்த்தாள். தாளை மடித்து அவரிடமே கொடுத்தாள்.

பால்துரை கெஞ்சினார். நடந்து நடந்தே நாள் போகிறது, லாயத்தில் ஒரு குதிரை நிற்கிறது, அதில் ஏறிப் போக இன்னும் பிடிபடவில்லை, அதை மட்டும் கற்றுக் கொடுத்தால் எல்லாவற்றையும் ஒரு வாரத்தில் முடித்துவிடுவேன் என்றார்.

மாஸ்டர் கன்ட்ரோலரை வாங்கினாள். வீரனை லாயத்துக்கு நடத்திக்கொண்டு போனாள். குதிரையின் சேணத்தைக் கழற்றினாள், கயிற்றை அவிழ்த்தாள். குதிரை இரண்டடி போய்த் திரும்பிப் பார்த்துவிட்டு, புல்வெளியில் இறங்கி ஓடி மறைந்தது. அப்படிப் போன குதிரை அந்த விளையாட்டில் திரும்ப வராது. பெட்டியில் அதைப் பதிந்துவைத்துவிட்டுக் கன்ட்ரோலரைக் கொடுத்தாள்.

பால்துரைக்கு முகம் கறுத்தது. பிறத்தியார் பிள்ளை என்றால் இப்படித்தான் விளையாட்டாகப் போகும் என்று நினைத்தார். நினைத்ததைச் சொல்லவும் செய்தார்.

"பிள்ளைக்கு நாள் இல்லன்னு சொல்லுதேன். குதிரைய அவுத்து விட்டுட்டியே தாயி."

"ஆட்டைக் குதிரையில ஏத்த முடியாது, அண்ணாச்சி. நடந்தே போங்க."

அவர் பெட்டியைக் கூடையில் வைத்துக்கொண்டு படி இறங்கினார்.

வேறு வழியில்லாமல் நடந்தார். சதுப்புக்குப் போக விளையாட்டில் நாற்பது நிமிஷம். மலைக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல். ஆன்றோவின் அம்மா எஸ்தர் சத்துணவு வேலைக்குப் போனபின், வீட்டில் அப்பாவும் மகனும் அந்த வீரனும்தான். வழியில் சண்டையும் கிடையாது, சாகசமும் கிடையாது. வெறும் ரோடு. வெறும் ரோட்டில் போகும்போது பால்துரைக்குப் பழக்கதோஷத்தில் பேச்சு வந்துவிடும்.

நாக்பூர் ரோட்டில் மயில் குறுக்கே வந்ததைச் சொன்னார். ஒரு பாலத்தடியில் மூன்று நாள் மழைக்கு ஒதுங்கி நின்றதையும், உப்பு கரைந்து லாரியிலிருந்து கண்ணீராக ஒழுகியதையும் சொன்னார். ஆன்றோ பிறந்த சேதி ஹோஸ்பேட்டில் டீ குடிக்கும்போது வந்தது, அந்த டீயைக் குடிக்காமலே கிளம்பினேன் என்றார். பத்தொன்பது வருஷத்தில் இதையெல்லாம் மகனிடம் அவர் சொன்னதே இல்லை. அவனும் கேட்டதில்லை. கேட்க அவர் வீட்டில் இருந்ததில்லை.

தாமரையைப் பறித்தார். பொழுது சாய்வதைப் பார்த்தார். ஆடு ஒரு பாறை இடுக்கில் நின்றது. அதைத் தோளில் போட்டுக்கொண்டு மலையிறங்கி இடையனிடம் சேர்த்தார். அன்றைக்கு ஆன்றோ வாய்விட்டுச் சிரித்தான் என்று எஸ்தரிடம் சொல்லிச் சொல்லி மாய்ந்தார்.

மறுநாள் கருங்கதவுக்குப் போனார்கள். காவல்காரக் கிழவன் தயாரா என்றான். பால்துரை மகனைப் பார்த்தார்.

இன்னும் இல்லை என்று அமுக்குங்கள் என்றான் ஆன்றோ. மலையில் இன்னொரு ஆடு இருக்கிறது, அதையும் கொண்டுவந்து சேர்த்துவிட்டால் போதும், அதுதான் கடைசி என்றான்.

அந்த இரண்டாவது ஆடு கிடைக்கவில்லை. எட்டு நாள் தேடினார். ஒவ்வொரு பாறையாகச் சுற்றினார். மழை தொடங்கிவிட்டது. ஆன்றோவுக்கு மூச்சு வாங்கியது, பேச்சு குறைந்தது. ஆனாலும் அப்பா மலை ஏறும்போது கண்ணை மூடமாட்டான். பால்துரை ஓட்டமாக மாஸ்டரிடம் வந்தார். மழையில் பெட்டி நனையும் என்று இந்தத் தடவை கூடை கொண்டுவரவில்லை. வெறுங்கையோடு நின்றார்.

"ரெண்டாவது ஆடு எங்கன நிக்கி, மாஸ்டர்?"

வாங்கிக்கொள்ள அவர் கையில் கன்ட்ரோலர் இல்லை. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு சொன்னாள்.

"தேடுங்க அண்ணாச்சி. அவன் பக்கத்துலயே உக்காந்து தேடுங்க."

ஒன்பதாம் நாள் செவ்வாய்க்கிழமை. காலை பதினொரு மணிக்கு ஆன்றோ போய்விட்டான். பால்துரை அப்போது மலையின் மேற்குச் சரிவில் தேடிக்கொண்டிருந்தார். அங்கே ஒன்றும் இல்லையே ஐயா, கிழக்கே போகட்டுமா என்று மகனிடம் கேட்டார். பதில் வரவில்லை. திரும்பிப் பார்த்தார்.

அடக்கத்துக்கு மாஸ்டர் வந்திருந்தாள். அவளைப் பார்த்ததும் அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

முப்பதாம் நாள் ஜெபம் முடிந்த மறுநாள் காலை, வயர்கூடையோடு மாடி ஏறி வந்தார். தாடி வளர்ந்திருந்தது. கூடத்தில் வேறு யாரும் இன்னும் வரவில்லை. பெட்டியை அவளே எடுத்து ஒரு டிவியில் மாட்டினாள். திரையில் வீரன் மேற்குச் சரிவில் அப்படியே நின்றான். பையில் தொண்ணூற்றொன்பது பாட்டில் மருந்தும் அப்படியே இருந்தது.

பால்துரை உட்காரவில்லை. இத்தனை நாள் உள்ளே வைத்திருந்ததை நின்றபடியே கொட்டினார். கேட்ட ஒன்றைச் செய்ய எனக்கு வக்கில்லாமல் போய்விட்டது என்றார். மருந்தைச் சேர்த்தேன், தாமரையைச் சேர்த்தேன், பிள்ளைக்கு முடிவைக் காட்டாமல் அனுப்பிவிட்டேன் என்றார். குதிரை மட்டும் இருந்திருந்தால் அந்த மலையை ஒரே நாளில் அலசியிருப்பேன் என்று சொல்லும்போது குரல் உடைந்தது.

"அந்த ஆடு எங்க நிக்குன்னு மட்டும் சொல்லும்மா. அதக் கொண்டுபோய்ச் சேத்துட்டு, கதவைத் திறந்து, அவன் பேருக்கு முடிச்சு வச்சிருதேன். வேற ஒண்ணும் கேக்க மாட்டேன்."

அவர் கையில் கன்ட்ரோலரைக் கொடுத்துவிட்டு, மாஸ்டர் மூலைக்குப் போனாள். நாலாம் டிவியை இரண்டு கையாலும் பிடித்து மெதுவாகச் சுவர்ப் பக்கம் முகமாகத் திருப்பிவைத்தாள். அதன் முதுகில் தூசி படிந்திருந்தது. துப்பட்டா நுனியால் துடைத்தாள்.

பால்துரை கிட்டே போய்க் குனிந்து பார்த்தார்.

கருங்கதவு, ஆன்றோ. தேதி, மூன்று வருஷத்துக்கு முந்தியது. அச்சு மாதிரி எழுத்து. அதன் கீழே மறுபடியும் கருங்கதவு, ஆன்றோ. அதற்கும் கீழே இன்னொன்று, எழுத்து கொஞ்சம் சாய்ந்திருந்தது. நாலாவதில் 'ஆ' முடியாமலே கீழே இழுபட்டு, 'றோ' எங்கோ தள்ளிப் போய் விழுந்திருந்தது. ஆனாலும் அது அவன் கைதான். பள்ளிக்கூட ரேங்க் கார்டில் அப்பா ஊரில் இல்லாதபோதெல்லாம் அவர் கையெழுத்தைப் போட்ட கை.

அவர் அந்த நாலாவது பெயரின் மேல் விரலை வைத்தார். எழுத்து போன வழியே விரலும் போனது. நாலு தடவை அந்த முடிவைப் பார்த்தவன் தன்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லையே என்று நினைத்தார். பார்த்துவிட்டானே என்றும் நினைத்தார். உடம்பு குலுங்க அழுதார். ஒரு மாதமாக வராத அழுகை அது. மாஸ்டரும் அழுதாள். மறைத்துக்கொள்ளவில்லை.

வெகுநேரம் கழித்துத் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு அவர் கேட்டார்.

"அப்ப அந்த ரெண்டாவது ஆடு?"

"அந்த மலையில இருக்கதே ஒரு ஆடுதான், அண்ணாச்சி."