தும்மாத படம்

பாலைக்கோட்டை அரண்மனையில் மயிலேறி என்று ஒரு கோமாளி. படமும் போடுவான், கூத்தும் அடிப்பான். தரையில் வாழை இலையும் சோறும் வரைந்து, எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்து, வெறுங்கையால் பிசைந்து பிசைந்து சாப்பிடுவான். ரசம் ஊற்ற ஆள் வராவிட்டால் கோபம் வேறு வரும் அவனுக்கு. ராஜா ரணசிங்கர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்.

தலைமை ஓவியர் வேங்கடபதிக்கு இது பொறுக்கவில்லை. ஒரு நாள் சபையிலேயே ஆரம்பித்தார்.

"பிரபு, மயிலேறி உங்களைப் படமாகப் போட்டுக் கொண்டுவரட்டும். வந்ததும் நீங்கள் சிரிக்க வேண்டும். சிரிப்பு வராவிட்டால் அவன் என்ன கோமாளி? நாட்டை விட்டுப் போகட்டும்."

"நல்ல யோசனை. அப்படியே ஆகட்டும்" என்றார் ராஜா.

"ஆனால் ஒன்று பிரபு. ராஜாவின் படத்தைப் பார்த்து யார் சிரித்தாலும், நீங்களே சிரித்தாலும், அது ராஜ அவமானம். அதற்கும் படம் போட்டவனுக்கு நாடு கடத்தல்தான். உங்கள் தாத்தா போட்ட சட்டம்."

ராஜா முழித்தார். வாக்குக் கொடுத்தாயிற்றே, என்ன செய்வது!

வீட்டில் மயிலேறியின் மனைவி சட்டி பானையைக் கட்ட ஆரம்பித்துவிட்டாள். "எந்த ஊருக்குன்னு மட்டும் சொல்லுங்க" என்றாள். மயிலேறி தூரிகையை எடுத்துக்கொண்டு விளக்கடியில் உட்கார்ந்தான்.

மறுநாள் துணி மூடிய படத்தோடு வந்தான். படத்தின் முகம் சபையைப் பார்க்கும்படி நிறுத்தினான்.

"எனக்கு ஏன் முதுகைக் காட்டுகிறாய்?" என்றார் ராஜா.

"சபை முதலில் பார்க்கட்டும் பிரபு" என்று துணியை உருவினான்.

அந்தச் சபையில் ஒரு வழக்கம் உண்டு. ராஜா தும்மினால் அத்தனை பேரும் எழுந்து, இரண்டு கையையும் தூக்கி, ஒரே குரலில் "தீர்க்காயுசு" சொல்ல வேண்டும். பிந்தினவனுக்கு அன்றைக்குச் சாப்பாடு கிடையாது. அதனால் ராஜாவின் மூக்கு லேசாக விடைத்தாலே போதும், எல்லோரும் தயாராகிவிடுவார்கள்.

படத்தில் ராஜா தும்மப் போகிறார். கண் பாதி மூடி, மூக்கு மேலே ஏறி, இதோ இதோ என்று நிற்கிறார்.

பழக்கதோஷம்! சபை முழுக்க எழுந்துவிட்டது. கை மேலே, வாய் திறந்தபடி. படம் தும்மினால்தானே? சேனாதிபதிக்கு வாயை மூடவும் பயம், உட்காரவும் பயம். தொந்தி குலுங்க நுனிக்காலில் நின்றார் புரோகிதர்.

ராஜா அவர்களைப் பார்த்தார். அவ்வளவுதான். சிரித்த சிரிப்பில் தலைப்பாகை உருண்டு கீழே விழுந்தது.

"பிரபு சிரித்துவிட்டார்! ராஜ அவமானம்!" என்று கத்தினார் வேங்கடபதி.

"அவர் படத்தை இன்னும் பார்க்கவே இல்லையே ஐயா" என்றான் மயிலேறி.

"பின்னே எதைப் பார்த்துச் சிரித்தாராம்?"

"முதலில் கையை இறக்குங்கள், சொல்கிறேன்."