பழைய சாம்பியன்கள்

திருநெல்வேலிப் பக்கம் ஒரு மகளிர் கல்லூரி. ஜிம்னாஸ்டிக்ஸ் கோப்பை வருஷா வருஷம் அதற்குத்தான். பயிற்சியாளர் தங்கதுரை பேரைக் கேட்டாலே மற்ற கல்லூரிகள் இரண்டாம் இடத்துக்குத் தயாராகிவிடும்.

அந்த வருஷ இறுதிப் போட்டியில் கடைசியாக ஓடிவந்து மேசையைத் தாண்ட வேண்டியவள் இசக்கியம்மாள். முந்தின நாள் பயிற்சியில் பிசகிய கணுக்கால் பொதபொதவென்று வீங்கியிருந்தது.

"காலை ஊனவே முடியலை சார்" என்று அழுதாள்.

"என் பிள்ளைக எல்லாரும் வலியோட தாண்டினவங்கதான். அவங்க என்ன கெட்டா போனாங்க? தாண்டலேன்னா ஹாஸ்டலைக் காலி பண்ணு" என்றார் தங்கதுரை.

ஹாஸ்டல் போனால் படிப்பும் போச்சு. இசக்கி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"தாண்டுதேன் சார். வெற்றி விழாவுக்கு நீங்க வரவழைச்ச, முன்ன ஜெயிச்ச அக்காமாரு கேலரியிலதான இருக்காங்க? இங்க கூப்பிடுங்க. அவங்க கையால திருநீறு பூசிக்கிட்டுத் தாண்டுதேன்."

தங்கதுரைக்குப் பெருமை பிடிபடவில்லை. அந்தப் பெண்கள் கல்லூரியில் படித்தபோது ஓடிய ஓட்டம்தான் அவர் நினைவில் இருந்தது. மைக்கை வாங்கி, "என் பழைய சாம்பியன்களே, வாங்கம்மா!" என்று முழங்கினார். அரங்கமே கைதட்டியது.

ஒருத்தி புருஷன் தோளைப் பிடித்து, ஒரு காலை இழுத்து இழுத்து வந்தாள். முப்பது வயதுகூட ஆகாத கனகவல்லி, கேலரிப் படிகளில் உட்கார்ந்து உட்கார்ந்து இறங்கினாள். கைதட்டல் அடங்கிப்போனது.

தலைமை நடுவர் எழுந்து வந்து இசக்கியின் காலைப் பார்த்தார். "இந்தப் பிள்ளை தாண்டக் கூடாது" என்றார்.

கோப்பை போயிற்று. ஹாஸ்டல் பேச்சை யாரும் எடுக்கவில்லை. கனகவல்லி மட்டும் இசக்கியின் பக்கத்தில் உட்கார்ந்து, அந்த வீங்கிய காலை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள்.

"எங்களுக்கு இது தோணாமப் போச்சே, தாயீ" என்றாள்.