மரவட்டை எண்ணிய நாழிகை

அந்தக் காலத்தில், பூச்சி புழுவெல்லாம் வாய் திறந்து பேசிய நாளில், எப்போது எழ வேண்டும் என்று சூரியனுக்கே தெரியாது. பூமிக்கு அடியிலிருந்து யாராவது சொல்லி அனுப்ப வேண்டும்.

அதற்கென்றே ஒரு மலைக்கு அடியில் கரையான்கள் பெரிய அறை ஒன்று கட்டியிருந்தன. சுற்றிலும் ஆயிரம் மண் தூண்கள், நடுவில் ஒரு குளம். குளத்தில் ஒரு கொட்டாங்குச்சி மிதக்கும். அதன் அடியில் ஊசிமுனை அளவு ஓட்டை. அதன் வழியே தண்ணீர் ஏறி, கொட்டாங்குச்சி நிறைந்து 'குளுக்' என்று மூழ்கினால் ஒரு நாழிகை. தவளை முங்கி அதை எடுத்துக் கவிழ்த்து மறுபடி மிதக்கவிடும். கரையில் படுத்திருக்கும் மரவட்டை ஒரு காலை மடக்கிக்கொள்ளும். அறுபது கால் மடங்கினால் ஒரு நாள். மரவட்டை குரல் கொடுக்க, சுரங்க வாசலில் நிற்கும் சேவல் சூரியனைக் கூப்பிடும்.

ஒரு தரம் கணக்குத் தப்பினாலும் வேலை போய்விடும் என்று சூரியன் முதலிலேயே சொல்லியிருந்தது. மரவட்டைக்கு உலகத்தில் இருந்த ஒரே மரியாதை அந்த வேலைதான்.

அதுவும் தவளையும் பேசிக்கொள்வதில்லை. மூன்று மழைக்காலத்துக்கு முன்னால், கரையான் வீட்டுக் கல்யாணத்தில் மரவட்டை பந்திக்குப் பிந்தி வந்தது. தவளை எல்லோர் முன்னாலும், "அண்ணனைக் குறை சொல்லாதீர்கள். அத்தனை காலும் கூடிப் பஞ்சாயத்துப் பேசி முடித்துத்தானே ஓரடி எடுத்து வைக்க முடியும்" என்றது. பந்தியே சிரித்தது. பாயசம் ஊற்றிக்கொண்டிருந்த எறும்புகூடக் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தது. தவளை மறுநாளே மறந்துவிட்டது. சொன்னவனுக்கு மறப்பது சுலபம். மரவட்டை மறக்கவில்லை, அதில் தப்பும் இல்லை.

ஒரு நாள் கொட்டாங்குச்சியின் ஓட்டையைப் பாசி அடைத்துக்கொண்டது. தவளையின் விரல் தடிமன், உள்ளே போகவில்லை. மெல்லிய கால் ஒன்றைக் கொடுத்துக் குத்திவிடும்படி மரவட்டையை இரண்டு முறை கேட்டுப் பார்த்தது. மரவட்டை முகத்தைத் திருப்பிக்கொண்டது. வேறு வழி தெரியாமல் தவளை ஈரக் கையால் அதன் முதுகைத் தொட்டது.

மரவட்டை திடுக்கிட்டது. மடக்கி வைத்திருந்த கால்கள் அத்தனையும் ஒரே நேரத்தில் நீண்டுவிட்டன. எண்ணிக்கை போயே போய்விட்டது.

"பதறாதே அண்ணே. நான் எத்தனை தரம் முங்கினேன் என்று கேள், சொல்கிறேன்" என்றது தவளை.

ஒரு வார்த்தை கேட்டிருந்தால் வேலை தப்பியிருக்கும். போயும் போயும் இவனிடமா கேட்பது என்று மரவட்டைக்கு ரோஷம் வந்தது. மடங்கியிருந்த கால் மரத்துப் போயிருக்குமே, தடவிப் பார்த்தே எண்ணிவிடலாம் என்று உடம்பைச் சுருட்டிக்கொண்டது. பயத்தில் எல்லாக் காலும் மரத்துத்தான் இருந்தன. முதல் தடவை முப்பத்தொன்று வந்தது. அடுத்த தடவை ஐம்பத்தேழு. சுருண்ட உடம்பில் தலையும் வாலும் ஒட்டிக்கொண்டதால் முதல் கால் எது, கடைசிக் கால் எது என்று புரியவில்லை. எண்ணிய காலையே திரும்ப எண்ணுகிறோமா? இது புதுக் காலா? மூன்றாம் தடவை எண்பத்தாறு வந்தது. அறுபது எப்போதோ தாண்டிவிட்டதே!

"விடிந்தாச்சு!" என்று கத்தியது.

சேவல் கூவியது. நடு ராத்திரியில் சூரியன் எழுந்தது. பறந்துகொண்டிருந்த ஆந்தை மரத்தில் முட்டிக்கொண்டது. தாமரை பாதி விரிந்து, சந்தேகப்பட்டு, மறுபடி மூடிக்கொண்டது. பசுக்கள் மேயப் போவதா, படுப்பதா என்று தெரியாமல் நின்றன.

சூரியன் கோபமாகச் சுரங்க வாசலுக்கு வந்து விசாரித்தது. நாற்பத்திரண்டு தரம்தான் முங்கியதாகத் தவளை சொன்னது.

"பக்கத்திலேயே இருந்தவனை ஒரு வார்த்தை கேட்டால் என்ன?" என்றது சூரியன்.

"கேட்கலாம். அந்தக் கல்யாணத்தில் பேசிய பேச்சுக்கு முதலில் அவன் மன்னிப்புக் கேட்கட்டும்."

தவளை விழித்தது. "எந்தக் கல்யாணம்?"

சூரியன் அன்றே அறையை மூடச் சொல்லிவிட்டு, தன் நேரத்தைத் தானே பார்த்துக்கொள்ளத் தொடங்கியது. மரவட்டை வெளியேறிச் சருகுக்கு அடியில் போய்ப் படுத்தது. தவளை சொன்ன கணக்கை மட்டும் அது ஏற்கவில்லை.

அன்று முதல்தான், யார் விரல் பட்டாலும் மரவட்டை சட்டென்று சுருண்டு, ஒன்றிலிருந்து மறுபடி எண்ணுகிறது; நாற்பத்திரண்டு வந்தால் மட்டும் நம்புவதில்லை.