முங்கத் தெரியாத சுறா

சொல்லிச் சொல்லி எனக்கே அலுத்துப்போன வழக்கு இது. நீங்களாவது ஒரு தீர்ப்புச் சொன்னால் புண்ணியமாகப் போகும்.

அமெரிக்காவில் ஒரு சுறாப் படம் ஓடு ஓடென்று ஓடினால் போதும். இத்தாலியில் நாலு பேர் ஒரு ரப்பர் சுறாவைத் தூக்கிக்கொண்டு கடற்கரைக்குக் கிளம்பிவிடுவார்கள். நகல் எடுத்தே நரைத்துப்போன இயக்குநர் புருஸ்கோவும் அப்படித்தான் போனார். அவருடைய சுறாவுக்கு மூக்கில் கனத்த ஈயக்கட்டி, விட்டால் அடிக்கே போய்விடும். படகிலிருந்து ஓர்னெல்லா என்கிற பெண் கயிற்றை இழுத்துப் பிடித்தால்தான் அது தலை நிமிரும். அப்போதும் சலவைத் தொட்டி மாதிரி மிதக்கும். பார்த்தவர்களுக்குச் சிரிப்புத்தான் வந்தது.

அங்கே படப்பிடிப்பில் ஒலியைப் பதிய மாட்டார்கள், குரலெல்லாம் பிற்பாடுதான். அதனால் நடிகர்கள் வாய்க்கு வந்ததைச் சொல்வார்கள், யாரும் காதில் வாங்குவதில்லை. நடிகன் ரெனாத்தோ சுறா கடிக்கும்போதெல்லாம் "இறால்! கத்திரிக்காய்!" என்று ராத்திரிச் சாப்பாட்டைத்தான் அலறுவான்.

கடைசி நாளன்று அந்தச் சுறாக் கயிறு அவன் காலில் சுற்றி அவனை நீருக்குள் இழுத்தது.

"ஐயோ, கால்! கால்!" என்று கதறினான்.

"சபாஷ்! இன்னும் கத்துடா!" என்றார் புருஸ்கோ. கேமரா ஓடிக்கொண்டே இருந்தது.

ஓர்னெல்லா சட்டென்று திரும்பிப் பார்த்தாள். இன்றைக்குச் சாப்பாட்டுப் பேச்சே இல்லையே! கத்தியோடு நீரில் குதித்து முங்கி, சுறாவின் மூக்கடியில் கயிற்றை அறுத்தாள். பிடி விட்டதும் சுறா தலைகுப்புறக் கடலுக்குள் பாய்ந்தது, திரும்பி வரவில்லை. ரெனாத்தோ பிழைத்தான். இருந்த ஒரே சுறாவையும் தொலைத்துவிட்டாள் என்று புருஸ்கோ அவளை அப்போதே வேலையைவிட்டு அனுப்பினார். அவளுக்குச் சண்டை போடவும் தெம்பில்லை. தலையைத் துவட்டிக்கொண்டு போய்விட்டாள்.

ரெனாத்தோவின் கதறலுக்கு ஜீனோ என்பவன் பிறகு குரல் கொடுத்தான். படம் வெளியானது. கொட்டாவி விட்டுக்கொண்டிருந்த கூட்டம், சுறா பாய்ந்த அந்த நொடியில் வீறிட்டது. படமும் பிழைத்தது.

படத்துக்குப் பணம் போட்ட முதலாளி சொன்னார்: "இந்த ஒரு படத்துக்கென்று தொடங்கிய கம்பெனியை மூடிவிட்டேன். கூட்டத்தை அலற வைத்தவர் யாரோ, அவர் ஒருவருக்கு மட்டும் என் அடுத்த கம்பெனியில் வேலை."

"உயிர்ப்பயம் என்னுடையது" என்றான் ரெனாத்தோ.

"குரல் என்னுடையது" என்றான் ஜீனோ.

"கேமராவை நிறுத்தாதவன் நான்" என்றார் புருஸ்கோ.

சொல்லுங்கள், அந்த வேலை யாருக்குப் போக வேண்டும்?

விடை: மூவருக்கும் இல்லை. ரெனாத்தோ கதறியபோதும் கூட்டம் சும்மாதான் உட்கார்ந்திருந்தது. சுறா முங்கியபோதுதானே வீறிட்டது? அதை முங்க வைத்தவள் ஓர்னெல்லா. அவள் குதிக்காவிட்டால், ஒரு மனிதன் சாவதைப் பிடித்த சுருளை எந்தத் தியேட்டர்க்காரன் ஓட்டுவான்? வேலை அவளுக்குத்தான். இதை எடுத்துச் சொல்ல மூவரில் ஒருவருக்கும் வாய் வரவில்லையே, அதுதான் ஐயா எனக்கு அலுப்பு. அன்றைக்கு அந்தக் கதறலைக் கேட்டவர்களில் சினிமா எடுக்காமல் இருந்தவள் அவள் ஒருத்திதான்.