வர மறுத்த தேன்சிலம்பு

மலைக்காடு சூழ்ந்த ஒரு நாட்டை முன்னொரு காலத்தில் வச்சிரபூபதி என்ற அரசர் ஆண்டுவந்தார். ஒரு மழைக்காலத்தில் அவருடைய பட்டத்தரசி விஷக்காய்ச்சலில் படுத்தாள். அரண்மனை வைத்தியர்கள் கைவிரித்துவிட்டார்கள். அப்போது நீலி என்ற மலைக்காரப் பெண் ஒரு கொடியின் சாற்றை மூங்கில் குழாயில் கொண்டுவந்து புகட்டினாள். காய்ச்சல் இறங்கி, அரசி எழுந்து கஞ்சி கேட்டாள்.

அந்தக் கொடியின் பெயர் தேன்சிலம்பு. அதன் இலையை அரைத்துக் கட்டினால் வீக்கம் வடியும். பூவின் தேன் தொண்டைப் புண்ணை ஆற்றும். முற்றிய காய்கள் காற்றில் ஆடும்போது சிலம்பு போலக் கலகலக்கும். அந்த ஒலி கேட்கும் இடத்தில் மலைக்காரர்கள் உரக்கப் பேசமாட்டார்கள். உள்ளங்கை கொள்ளும் அளவுக்கு மேல் இலை பறிக்கவும் மாட்டார்கள். வனத்தாய் தன் காற்சிலம்பைக் கழற்றி மரத்தில் மாட்டிவிட்டுத் தூங்கப் போனாள், அதுவே கொடியாயிற்று என்பது அவர்கள் நம்பிக்கை.

இதைக் கேட்ட அரசருக்கு அந்தக் கொடி தம் தோட்டத்தில் வேண்டும் என்ற ஆசை பிடித்துக்கொண்டது. தோட்டக்காரர்கள் வேரும் மண்ணுமாகப் பெயர்த்து வந்தார்கள். பொழுது சாய்வதற்குள் கருகிப்போயிற்று. மறுபடி கொண்டுவந்தார்கள்; மறுபடியும் கருகியது. அரசர் யாரிடமும் முகம் கொடுத்துப் பேசவில்லை.

அந்தச் சபையில் வேம்பையன் என்றொரு விகடன் இருந்தான். அவன்மேல் அரசர் வைத்திருந்த பிரியம் உபமந்திரி வல்லபராயரின் கண்ணை உறுத்திக்கொண்டே இருந்தது. எல்லாவற்றுக்கும் வழி சொல்லும் வேம்பையனிடமே இதை ஒப்படைக்கலாம், முடியாவிட்டால் நாட்டை விட்டுப் போகட்டும் என்று அவர் எடுத்துக்கொடுத்தார். கோபத்தில் இருந்த அரசர், “வரும் பௌர்ணமிக்குள் தேன்சிலம்பு என் தோட்டத்தில் உயிரோடு இருக்க வேண்டும்” என்று ஆணையிட்டார்.

வேம்பையன் காட்டுக்குப் போனான். பெரிய மரங்களின் நிழலில் படர்ந்திருந்த கொடியை நீலி காட்டினாள். அவள் முகம் வாடியிருந்தது. ஏனென்று கேட்டான். வல்லபராயர் தம் புது மாளிகைக்காக அங்கே மரம் வெட்ட ஆள் விட்டிருந்தார்.

“நெழலு போனா கொடியும் போயிரும் சாமி. அப்புறம் காய்ச்சக்காரங்க எங்க போவாங்க?” என்றாள்.

காய்கள் கலகலப்பதைக் கேட்டபடி வேம்பையன் வெகுநேரம் உட்கார்ந்திருந்தான். நாடு கடத்தப்படுவதைவிட அந்த ஒலி நின்றுவிடும் என்ற நினைப்புதான் அவனை வருத்தியது.

திரும்பி வந்தவன், தேன்சிலம்புக்கு விசாலமான இடம் வேண்டும், தோட்டத்தை விரிவாக்க அனுமதி வேண்டும் என்று அரசரிடம் கேட்டான். வல்லபராயர் முந்திக்கொண்டு, எவ்வளவு வேண்டுமானாலும் கொடுக்கலாம், பின்னால் இடம் போதவில்லை என்று சாக்குச் சொல்லக்கூடாது என்றார். அரசர் அப்படியே அனுமதி தந்தார்.

பௌர்ணமியன்று காலையில் வேம்பையன் அரசரையும் சபையோரையும் அழைத்துச் சென்றான். கோட்டையைத் தாண்டி, வயல்களைத் தாண்டி, பல்லக்கு காட்டுக்குள் போய் நின்றது. அங்கே தோரணம் கட்டியிருந்தது; கம்பத்தில் அரசரின் கொடி பறந்துகொண்டிருந்தது. சுற்றிலும் கயிற்று வேலி.

“இது காடல்லவா?” என்றார் அரசர்.

“தங்கள் தோட்டம், மகாராஜா. தேன்சிலம்பு தோட்டத்துக்கு வர மறுத்தது. தோட்டம் தேன்சிலம்பிடம் வர மறுக்கவில்லை.”

இது ஏமாற்று வேலை என்று வல்லபராயர் கொதித்தார். அதற்குள் காற்று எழுந்தது. காடு முழுதும் சிலம்பொலி கலகலத்தது. அரசர் கையசைத்து அவரை அடக்கிவிட்டு, மெய்ம்மறந்து நின்றார். கூடவே எங்கோ கோடரிச் சத்தமும் கேட்டது.

“என் தோட்டத்தில் மரம் வெட்டுவது யார்?”

வேம்பையன் வல்லபராயர் பக்கம் திரும்பினான். வல்லபராயருக்கு வியர்த்துக் கொட்டியது. எவ்வளவு வேண்டுமானாலும் கொடுக்கச் சொன்னவர் அவரே அல்லவா? அரசர் அவர் முகத்தைப் பார்த்தார், புரிந்துகொண்டார். அடக்க மாட்டாமல் சிரித்தார்.

வெட்டிய மரங்களுக்கு ஈடாக வல்லபராயரே கன்று நட்டுத் தண்ணீர் ஊற்ற வேண்டும் என்றும், நீலி அந்தத் தோட்டத்தின் அதிகாரி என்றும் உத்தரவாயிற்று. தம் மரகத மாலையை வேம்பையன் கழுத்தில் போட்ட அரசர், இன்னும் என்ன வேண்டும் என்று கேட்டார்.

“இந்தக் கயிற்றை அவிழ்க்க உத்தரவு வேண்டும், மகாராஜா. நோயாளிகள் குனிந்து நுழைவது சிரமம்.”

அரசர் மறுபடியும் சிரித்தார். பிறகு தாமே போய் முதல் முடிச்சை அவிழ்த்தார்.