காலிச் சுருக்குப்பை

மூட்டையோடு மலை ஏற முடியவில்லை. மூன்றாவது தடவையும் தென்றல் பாதி வழியில் மூச்சு முட்டி, சறுக்கிக் கீழே வந்து விழுந்தான்.

அந்தக் காலத்தில் காற்றுக்கு வாய் இருந்தது, செடிக்குக் காது இருந்தது. அதனால் அவன் விழுந்ததைப் பார்த்து வாடை சிரித்த சிரிப்பு மலை முழுக்கக் கேட்டது.

வாடை வடக்கத்திக் காற்று. பனிமலையின் கணவாயில் இந்தப் பக்கம் ஒரு கால், அந்தப் பக்கம் ஒரு கால் போட்டு உட்கார்ந்திருப்பாள். தென்றல் பொதிகைக்காரன். எந்தக் கல்யாணத்தில் வந்த உறவோ, இரண்டு பேரும் மதினி, கொழுந்தன் என்றுதான் பேசிக்கொள்வார்கள்.

“என்ன கொழுந்தனாரே, சந்தன வாசம் பூசிக்கிட்டு வந்தா மலை குனிஞ்சு வழி விடும்னு நெனச்சீரோ?”

“கேலியை அப்புறம் வச்சுக்கிடுங்க மதினி. மூட்டைக்குள்ள பிள்ளைங்க இருக்கு.”

“யாரு பிள்ளைங்க?”

“தங்கச்சி பிள்ளைங்க.”

தங்கச்சி என்று அவன் சொன்னது, பொதிகையில் ஒரு நாவல் மரத்தின் கவட்டில் ஒட்டி வாழ்ந்த ஆர்க்கிட் பூச்செடியை. தினமும் அவளைத் தொட்டுவிட்டுத்தான் அவன் கீழே ஊருக்குள் இறங்குவான். அவளுக்கு மண் கிடையாது. வேரை அந்தரத்தில் தொங்கவிட்டு, மழையையும் மூடுபனியையும் குடித்துத்தான் பிழைப்பு. இரண்டு வருடமாக மழை இல்லை. மரத்துப் பாசியெல்லாம் கருகி உதிர்ந்துவிட்டது. பிள்ளைகளோ காய்க்குள் இருப்புக்கொள்ளாமல் வெளியே வரத் துடித்தன. வடக்கே மலைக்கு அந்தப் பக்கம் தண்ணீருக்குக் குறைவில்லை, வானத்திலிருந்து வெள்ளையாகக்கூட விழுகிறது என்று வலசை வந்த வாலாட்டிக் குருவிகள் சொல்லியிருந்தன.

“அண்ணே, நான் மரத்தை விட்டு நகர முடியாது. நீ கூட்டிட்டுப் போ” என்றாள்.

ஒவ்வொரு பிள்ளையின் இடுப்பிலும் ஒரு சுருக்குப்பை கட்டிவிட்டாள். மஞ்சள் பை, மிளகு அளவுதான். வாயைக் குங்கிலியம் வைத்து அடைத்திருந்தாள். தன்னிடம் இருந்ததையெல்லாம் அதற்குள் போட்டிருக்க வேண்டும். கட்டி முடித்தபோது அவள் இலைகள் தொங்கிப்போயிருந்தன.

“போய்ச் சேர்ந்து, நல்ல கிளையா பாத்து உக்கார வச்ச பிறகு அவிழ்த்துக் குடு. அது வரைக்கும் அதுங்களும் தொடக் கூடாது, நீயும் பிரிச்சுப் பாக்கக் கூடாது. திரும்பி வரும்போது, சாப்பிட்டாங்களான்னு மட்டும் சொல்லிட்டுப் போண்ணே. எனக்கு அது போதும்.”

சரி என்று சொல்லிவிட்டுத்தான் கிளம்பினான். இப்போது கணவாய்க்குக் கீழே மூட்டையைக் கட்டிக்கொண்டு கிடக்கிறான்.

வாடை சிரிப்பை நிறுத்திவிட்டு வானத்தைப் பார்த்தாள். “சாயங்காலத்துக்குள்ள பனி கணவாயை அடைச்சிரும் கொழுந்தனாரே. அப்புறம் அடுத்த வருஷம்தான்.”

“அது வரைக்கும் இதுங்க தாங்காது.”

“அப்போ கனத்தைக் குறையும்.”

“எதைக் குறைக்க?”

“பிள்ளையைப் போடச் சொன்னேனா? பையைப் போடும். சோறு எங்கேயும்தான் கிடைக்கும்.”

அவள் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. வாடைக்குப் பசி என்றால் என்னவென்று தெரியாது, அவ்வளவுதான்.

தென்றல் ரொம்ப நேரம் யோசித்தான் என்று சொன்னால் அது பொய். அவன் யோசிக்கவே இல்லை. ஒவ்வொரு நூலாக அறுத்தான். மஞ்சள் பைகள் பாறையில் பட்டு, குதித்து, உருண்டு தெற்குச் சரிவில் போய்க்கொண்டே இருந்தன. எதில் என்ன சிதறியது என்று அவன் திரும்பிப் பார்க்கவில்லை. பை போன பிறகு பிள்ளைகள் கனத்தில் தூசிக்குச் சமம். ஒரே மூச்சில் ஏறிவிட்டான். வாடை காலை மடக்கி வழி விட்டாள்.

கணவாயைத் தாண்டும்போது பிள்ளைகள் தூங்கிக்கொண்டிருந்தன. ஒருத்தி மட்டும் விழித்துக்கொண்டாள். எல்லோரிலும் சின்னவள்.

“மாமா, என் பை எங்கே?”

“முன்னாடியே அனுப்பிட்டேன். அங்கே போனா இருக்கும்.”

அவள் நம்பிவிட்டுத் தூங்கிப்போனாள். தாய்மாமன் சொன்னால் நம்பாமல் என்ன செய்வாள்.

வடக்கு அவன் நினைத்த மாதிரி இல்லை. அங்கே சூரியன் உச்சிக்கு ஏறவே சோம்பல்பட்டது. காட்டின் ஓரமாகவே சாய்ந்து சாய்ந்து நடந்தது. வெளிச்சம் நீர்மோர் மாதிரி இருந்தது. மரங்கள் இலைக்குப் பதில் ஊசி வைத்திருந்தன. அவற்றின் கீழே முழங்கால் ஆழத்துக்குப் பாசி. நடந்தால் சத்தம் வராது, பேசினால் பேச்சு அதற்குள் போய்ப் படுத்துக்கொள்ளும். எங்கேயோ ஒரு ஓடை, தண்ணீர் ஓடுகிறதா உறைகிறதா என்று தெரியாமல் முனகிக்கொண்டிருந்தது. தென்றலுக்குத் தான் விழித்திருக்கிறோமா என்பதே சந்தேகமாகிவிட்டது.

தங்கச்சி சொன்னபடி ஒரு ஊசிமரத்தின் கிளையில் பிள்ளைகளை வைத்தான். கிளை சரிந்தது, பிள்ளைகள் பாசியில் விழுந்தன. பொறுக்கி எடுத்து வேறு கிளையில் வைத்தான். அதிலிருந்தும் விழுந்தன.

“என்மேல எதுவும் நிக்காது” என்றது ஊசிமரம். “பனியையே நிக்க விடமாட்டேன். நின்னா கிளை முறிஞ்சிரும்.”

“மரத்துலதான் வைக்கணும்னு சொல்லி அனுப்பியிருக்கா.”

“சொன்னவ இங்கே வந்து குளிர்காலத்தைப் பாத்திருக்காளா?”

அதற்குள் பிள்ளைகள் ஒவ்வொன்றாக விழித்துக்கொண்டன. பசிக்கிறது என்றன. மாமா, பை வந்துவிட்டதா என்றன. தென்றல் சுற்றிச் சுற்றி ஓடினான். இலை இல்லை, பழம் இல்லை. இருந்தாலும் அவர்களால் தின்ன முடியாது, பல்லே இன்னும் முளைக்கவில்லை. அம்மா கட்டிய பை ஒன்றுதான் அவர்களுக்கு ஒத்துக்கொள்ளும் சாப்பாடு. இது அவனுக்கு அப்போதுதான் புரிந்தது. ஒன்றிரண்டு பிள்ளைகள் கேட்பதை நிறுத்திவிட்டன. நிறுத்தியதும் அவனுக்குப் பயம் வந்தது.

அவன் பாசியில் விழுந்து புரண்டு அழுதான். அப்போதுதான் கீழேயிருந்து ஒரு குரல் கேட்டது.

“யாருப்பா மேலே? கொஞ்சம் மெதுவா அழுறது.”

அது பூஞ்சை. காட்டுக்கு அடியில் வெள்ளை நூல் நூலாக ஓடிக்கிடக்கிற ஆள். மழை பெய்தால் காளானாகத் தலையை நீட்டிப் பார்ப்பான், மற்ற நாளெல்லாம் இருட்டுக்குள்தான். எந்த மரத்துக்கு என்ன வேண்டும் என்று வேர் வேராகப் போய்க் கொடுத்து வாங்குவது அவன் வேலை.

தென்றல் விஷயத்தைச் சொன்னான். பையைப் பற்றி மட்டும் சொல்லவில்லை.

“எத்தனை பேரு?” என்றான் பூஞ்சை.

“எண்ண முடியாது.”

“சாப்பாடு?”

“இல்ல.”

“அவங்கம்மா ஒண்ணும் கொடுத்துவிடலையா?”

தென்றல் கீழே கிடந்த ஊசிகளை உருட்ட ஆரம்பித்தான்.

“சரி, அதை நான் கேக்கல” என்றான் பூஞ்சை. “எங்கிட்ட குடு. என் நூல்லயிருந்து ஊட்டுறேன். ஆனா ரெண்டு விஷயம். அவசரப்படக் கூடாது. இந்தக் குளிர்ல எதுவும் மெதுவாத்தான் வளரும். அப்புறம், வளந்து ஆளான பிறகு எங்கிட்டயிருந்து பிரிச்சு எடுத்துட்டுப் போறேன்னு யாரும் வரக் கூடாது. வந்தா அதுங்க சாகும். நான் மிரட்டல, உள்ளதைச் சொல்றேன்.”

தென்றல் பாசியை விலக்கினான். பிள்ளைகளை மண்ணுக்குள் வைத்தான். மரத்தில் வை என்று சொல்லி அனுப்பியவள் முகம் ஞாபகம் வந்தது. இருந்தும் வைத்து மூடினான்.

மூடியதோடு பிள்ளைகளின் பேச்சு நின்றுவிட்டது. பனி விழுந்தது. உலகமே பஞ்சை உதறி மூடிய மாதிரி இருந்தது. தென்றல் பொதிகைக்குத் திரும்பவில்லை. எதைச் சொல்லித் திரும்புவான்? ஊசிமரத்தின் அடியில் சுருண்டு படுத்தான். பனி உருகியதும் எழுந்து மண்ணைப் பார்த்தான். ஒன்றுமில்லை. மறுபடி படுத்தான். அடுத்த உருகலிலும் ஒன்றுமில்லை. “இருக்காங்களா?” என்று கேட்டால் கீழேயிருந்து, “இருக்காங்க, தூங்கு” என்று மட்டும் வரும். ஊசிமரத்தின் கைக்குழந்தைக் கன்று அவன் தலைக்கு மேலே போய்விட்டது. எத்தனை பனி என்று அவன் எண்ணுவதை விட்டுவிட்டான்.

ஒரு நாள் பனி உருகிய பாசியில் பச்சையாக ஒரு இலை நீட்டிக்கொண்டிருந்தது. அதற்கும் பிறகு பல உருகல் கழித்து, அந்த இலைகளின் நடுவே ஒரு தண்டு எழுந்தது. அதன் நுனியில் ஒரு பூ, தலையைக் கவிழ்த்துக்கொண்டு நின்றது.

தென்றல் கிட்டே போனான். போனவன் அப்படியே நின்றுவிட்டான்.

பூ ஒரு சுருக்குப்பை. மஞ்சள் நிறம். வயிறு உப்பி, வாய் சுருங்கி, மடிப்புக்கூட அதே மடிப்பு.

அந்த நேரம் பார்த்து ஒரு குண்டு வண்டு பறந்து வந்தது. பையைப் பார்த்ததும் அதற்கு நாக்கு ஊறியது. தலைகீழாக உள்ளே விழுந்தது. உள்ளே கொஞ்ச நேரம் புரண்டது, முட்டியது, பின்பக்கச் சந்து வழியாகப் பிதுங்கி, முதுகில் மகரந்தத்தை அப்பிக்கொண்டு வெளியே வந்தது.

“இது என்னம்மா, கடையைத் திறந்து வச்சிருக்கே, சரக்கைக் காணோமே” என்று முணுமுணுத்துவிட்டுப் போனது.

பூ சிரித்தாள். குரலைக் கேட்டதும் தென்றலுக்கு அடையாளம் தெரிந்தது. சின்னவள்.

“வந்துட்டீங்களா மாமா. பாருங்க, அம்மா கட்டிவிட்ட பை இப்படித்தானே இருந்துச்சு? ஞாபகத்துல வச்சே செஞ்சுட்டேன். அக்காங்களும் கீழே செஞ்சுட்டிருக்காங்க. எல்லாரும் இதேதான்.”

“அப்படியேதான் இருக்கு” என்றான் தென்றல்.

“ஆனா உள்ளே என்ன இருந்துச்சுன்னுதான் தெரியல. நாங்க யாரும் பிரிச்சுப் பாக்கலையே. முன்னாடியே அனுப்பினதா சொன்னீங்கல்ல, அது வழியில எங்கேயோ நின்னுபோச்சு போல. பரவாயில்ல. நீங்க அம்மாகிட்ட போவீங்கல்ல? உள்ளே என்ன வச்சாங்கன்னு கேட்டுட்டு வாங்க மாமா. அதையும் நானே செஞ்சு நிரப்பிருவேன். வர்றவங்க சும்மா போறது எனக்கு ஒரு மாதிரியா இருக்கு.”

“கேட்டுட்டு வர்றேன்” என்றான்.

கணவாயில் வாடை அவனைப் பார்த்தாள். கேலிக்கு வாயெடுத்தவள் அவன் முகத்தைப் பார்த்துவிட்டுக் காலை மடக்கிக்கொண்டாள்.

பொதிகையில் மழை எப்போதோ திரும்பியிருந்தது. நாவல் மரத்தின் கவட்டில் தங்கச்சி அதே இடத்தில் இருந்தாள். வேர்கள் மட்டும் நீண்டிருந்தன, வருகிற வழியைத் தடவிப் பார்க்கிற மாதிரி. புதுக் காய் ஒன்று வைத்திருந்தாள். அதற்குள் இருந்த பிள்ளைகள் இடுப்பில் பை இல்லை. அன்றைக்கு இருந்ததையெல்லாம் கட்டிக் கொடுத்தவளுக்கு மறுபடி கட்ட ஒன்றும் சேரவில்லை.

“வந்துட்டியாண்ணே” என்றாள். “சாப்பிட்டாங்களா?”

சாப்பிட்டார்கள் என்று சொல்லியிருக்கலாம். அது பொய்யும் இல்லை. பூஞ்சை ஊட்டியிருக்கிறான், பிள்ளை பூத்து நிற்கிறாள். ஆனால் அடுத்த பேச்சாகப் பைக்குள் என்ன இருந்தது என்று கேட்க வேண்டும். கேட்டால், அவிழ்த்துக் கொடுத்த உனக்கு அது ஏன் தெரியாது என்பாள். அவன் வாயைத் திறந்தான். வெறும் சலசலப்புதான் வந்தது. அவளுடைய வேர்களை லேசாக அசைத்துவிட்டு, நிற்காமல் தாண்டி ஊருக்குள் இறங்கிவிட்டான்.

அன்றிலிருந்துதான் காற்றுக்குப் பேச்சு இல்லை. ஆர்க்கிட் விதை கட்டுச்சோறு இல்லாமல் தூசி மாதிரி கிளம்புவதும் அதனால்தான். குளிர் நாட்டு ஆர்க்கிட் மரத்தில் ஏறாது, மண்ணைவிட்டுப் பெயர்த்தால் செத்துவிடும். பல வருடம் கீழே கிடந்து மெதுவாகப் பூக்கிற அந்த மஞ்சள் பைக்குள் எந்த வண்டு விழுந்தாலும் வெறும் வயிற்றோடுதான் வெளியே வரும்.

தென்றல் இன்னும் வருடா வருடம் நாவல் மரத்தைத் தாண்டித்தான் போகிறான். கேட்டுட்டு வாங்க மாமா என்றுதான் சின்னவள் சொல்லி அனுப்பினாள். அவன் கேட்கவில்லை.