ராசாவின் பிளம் மரத்துக்குப் பெண் பார்த்த கதை

அரண்மனைப் பிளம் மரங்கள் பூத்தன, காய்க்கவில்லை. மூன்று வருஷமாக இதே கூத்து.

அந்தக் காலத்தில் குளிர்மலை நாட்டை ஆண்டவன் கோளப்ப ராசா. பிளம் பழம் என்றால் அவனுக்கு உயிர். "இந்தப் பழம் ராசாவுக்கு மட்டும்தான் தகும்" என்று அவைக்காரர் விடங்கர் அவன் காதில் ஓதினார். ஊரார் வீட்டுத் தோட்டங்களில் நின்ற பிளம் மரங்களையெல்லாம் ராசா வெட்டச் சொன்னான். வெட்டினார்கள். அன்றைக்குப் பிடித்தது வினை.

இந்த வருஷம் பூப்பருவத்தில் பொம்மக்கா என்ற சாணைக்காரியை விடங்கர் அவைக்கு இழுத்து வந்தார். ஊர் மரங்களை வெட்டிய கோடாலிகளுக்குச் சாணை பிடித்தவளே அவள்தான். தன் மரத்தின்மேல் மட்டும் அவரைக்கொடியை ஏற்றி மறைத்துவிட்டாள். கொடிக்கு மேலே வெள்ளைப் பூ எட்டிப் பார்த்துக் காட்டிக்கொடுத்தது.

"அரண்மனைக் காய்ப்பையெல்லாம் இவள் மரம் உறிஞ்சுகிறது, அரசே! அதை வெட்டி, இவளை நாடு கடத்துங்கள்!"

"என் மரமும்தான் காய்க்கல, சாமி! உறிஞ்சி எங்க வச்சிருக்கு? உங்க தொப்பையிலயா?"

மந்திரி சேந்தனார் நிமிர்ந்தார். "எப்போதிலிருந்து காய்க்கவில்லை, அம்மா?"

"மத்த மரத்தையெல்லாம் வெட்டினதிலேருந்துதான்."

மந்திரிக்குப் பிடி கிடைத்தது. "அரசே, இளவரசருக்குப் பங்காளி வீட்டில் பெண் எடுப்போமா?"

"சீ! தங்கச்சி முறை ஐயா! உமக்குப் புத்தி பிசகிவிட்டதா?"

"நம் மரங்கள் எல்லாம் ஒரே தாய்மரத்துக் கிளையை ஒட்டுக்கட்டி வளர்த்தவை. அத்தனையும் பங்காளிகள், தங்களுக்குள் காய் பிடிக்காது. ஊர்த் தோட்டங்களில் நின்ற முறைப்பெண்களை வெட்டிவிட்டோம். மிச்சம் இவள் வீட்டில் நிற்கும் ஒன்றுதான்."

விடங்கர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "மரத்துக்கு முறைப்பெண்ணா! காய்த்தால் வீட்டுக்கு வீடு நானே குழி வெட்டிக் கன்று நடுகிறேன்."

"காய்க்காவிட்டால், மந்திரி, அவளோடு நீரும் மலை இறங்கவேண்டும்" என்றான் ராசா.

மந்திரி தலையாட்டினார். பொம்மக்கா மரத்துப் பூங்கிளைகளை ஒடித்து, தண்ணீர்க் குடங்களில் செருகி, அரண்மனை மரங்களில் கட்டித் தொங்கவிட்டார். தரகு வேலையைத் தேனீக்கள் பார்த்துக்கொண்டன.

கோடையில் கிளைகள் தரையைத் தொட்டன. ராசா தாடியில் சாறு வழியத் தின்றான். வெட்டும் கட்டளை ரத்தானது. விடங்கர் கடப்பாரையோடு தெருத்தெருவாக அலைந்தார், கை கொப்பளித்தது.

"மந்திரி, சரிசெய்தவர் நீர்தான்" என்று ராசா முத்துமாலையைக் கழற்றினான்.

மந்திரி கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார்.

"நான் முறை மட்டும்தான் சொன்னேன், அரசே. உங்கள் கட்டளையை மீறிப் பெண்ணை ஒளித்து வளர்த்தவள் பொம்மக்கா."